ஷையர் நாட்டார் கொண்டாடாத நாள்
(ஆண்டவர் பிறப்பின் அறிவிப்புப் பெருவிழா, மார்ச் 25, 2026)



தவக்காலத்தின் ஐந்தாம் வாரம், புதன்கிழமை. ஆனாலும் ஊதா உடையைக் கழற்றி வைத்துவிட்டு வெள்ளை உடையில் பீடத்துக்கு வந்திருக்கிறேன். தவக்காலத்தில் பாடாமல் நிறுத்தி வைக்கும் வானவர் கீதத்தையும் சற்று முன் பாடினோம். அவ்வளவு பெரிய விழா. ஆனால் பெஞ்சுகள் பாதி காலி. டிசம்பர் 25 நள்ளிரவில் இந்தக் கோயில் வாசலில் நிற்கக்கூட இடம் கிடைக்காது. அதற்குச் சரியாக ஒன்பது மாதம் முந்திய இந்த நாள் மட்டும் ஒரு சாதாரண வேலை நாளாகக் கடந்துபோகிறது. வந்திருக்கிற உங்களிடம் இதைக் குறையாகச் சொல்லிப் பயனில்லை, வராதவர்களுக்கு இது கேட்கவும் போவதில்லை. ஆகவே குறை சொல்வதை விட்டுவிட்டு, ஒரு கற்பனை நாள்காட்டியைப் பற்றிப் பேசுகிறேன்.

கோயிலில் கதைப் புத்தகமா என்று பெரியவர்கள் நினைக்கலாம். பிள்ளைகளுக்குக் கதை தெரிந்திருக்கும், சினிமாவாகப் பார்த்திருப்பார்கள்: ‘தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’. அதை எழுதிய ஜே.ஆர்.ஆர். டோல்கீன் 1892இல் பிறந்தவர். தாய் மேபல் 1900இல் கத்தோலிக்கத் திருச்சபையில் சேர்ந்தபோது உறவினர்கள் பண உதவியை நிறுத்திக்கொண்டார்கள். 1904இல், மகனுக்குப் பன்னிரண்டு வயதாக இருந்தபோது, நீரிழிவு நோயால் அந்தத் தாய் இறந்தார். தகப்பன் அதற்கு முன்பே போய்ச் சேர்ந்துவிட்டார். அநாதையாக நின்ற அண்ணனையும் தம்பியையும் வளர்த்து ஆளாக்கியவர் பர்மிங்ஹாமில் பணியாற்றிய பிரான்சிஸ் மார்கன் என்ற குருவானவர். பிற்காலத்தில் ஆக்ஸ்போர்டு பேராசிரியராகிவிட்ட டோல்கீன், தம் நண்பரான ஓர் இயேசு சபைத் துறவிக்கு 1953இல் எழுதிய கடிதத்தில், இந்தக் கதை அடிப்படையில் கத்தோலிக்கக் கதைதான் என்று ஒப்புக்கொண்டார். ஆனால் கதைக்குள் கோயில் இல்லை, குரு இல்லை, திருப்பலி இல்லை. விசுவாசத்தை எங்கே வைத்தார்? மற்ற இடங்களை விடுங்கள். நாள்காட்டியில் வைத்தார்.

1955இல் வெளிவந்த மூன்றாம் தொகுதியின் கடைசியில், கதை முடிந்த பிறகு, பிற்சேர்க்கையாகச் சில பக்கங்களில் அந்த நாள்காட்டி இருக்கிறது. பலர் அதைப் புரட்டாமலே புத்தகத்தை மூடிவிடுவார்கள்.

ஷையர் என்பது கதையில் வரும் ஒரு வளமான நாட்டுப்புறம். அங்கே வாழ்பவர்கள் ஹாபிட்கள். குள்ளமானவர்கள், செருப்புப் போடுவதில்லை, கிடைத்தால் நாளைக்கு ஆறு வேளை சாப்பிடுவார்கள். அவர்களுடைய ஆண்டில் பன்னிரண்டு மாதம், ஒவ்வொரு மாதத்துக்கும் முப்பதே நாள். மிச்சமிருக்கும் ஐந்து நாள் எந்த மாதத்திலும் சேராது. நடுக்குளிர் காலத்தில் யூல் நாள் இரண்டு: ஒன்றில் ஆண்டு முடியும், மற்றதில் அடுத்த ஆண்டு தொடங்கும். நடுக்கோடையில் லித் நாள் இரண்டு, அவற்றுக்கு இடையில் ஆண்டின் நடு நாள். நான்கு ஆண்டுக்கு ஒருமுறை கூடுதலாக ஒரு நாள் வரும்; அன்று ஆட்டமும் பாட்டமும் இன்னும் அதிகம்.

இந்த மாதப் பெயர்களையும் யூல், லித் என்ற பெயர்களையும் டோல்கீன் வெறுங்கையால் படைக்கவில்லை. இங்கிலாந்தில் வாழ்ந்த பீட் என்ற துறவி 725இல் காலக் கணக்கைப் பற்றி ஒரு நூல் எழுதி, தம் முன்னோர் வழங்கிய மாதப் பெயர்களை அதில் குறித்து வைத்தார். ஷையரின் மாதங்கள் அங்கிருந்து வந்தவை. கிறிஸ்து பிறப்பிலிருந்து ஆண்டுகளை எண்ணும் முறையை ஐரோப்பாவில் பரப்பியதிலும் இதே பீட் பெரும் பங்காற்றினார். நாம் அவரைப் புனிதராகவும் மறைவல்லுநராகவும் மே 25 அன்று நினைவுகூர்கிறோம். வேற்று மத முன்னோரின் மாதப் பெயர்தானே என்று அவர் அதைத் தூக்கி எறியவில்லை என்பதையும் கவனியுங்கள்.

தேதியும் கிழமையும் ஆண்டுதோறும் இடம் மாறிக்கொண்டே இருப்பது ஹாபிட்களுக்குப் பிடிக்கவில்லை. எனவே ஒரு திருத்தம் கொண்டுவந்தார்கள். ஆண்டின் நடு நாளுக்கும், நான்கு ஆண்டுக்கு ஒருமுறை வரும் அந்தக் கூடுதல் நாளுக்கும் கிழமையே கிடையாது. மிச்சம் 364 நாள், சரியாக 52 வாரம். ஒருமுறை அச்சடித்த காலண்டர் ஆயுசுக்கும் போதும். சிவகாசிக்காரர்கள் வேறு தொழில் பார்க்க வேண்டியதுதான். இதில் ஒரு வேடிக்கையும் சேர்ந்துகொண்டது. அந்தக் கணக்கில் எந்த மாதமும் வெள்ளிக்கிழமையில் தொடங்காது. ஆகவே நடக்கவே நடக்காத காரியத்தைக் கேலியாகச் சொல்ல ‘வெள்ளிக்கிழமை, முதல் தேதி’ என்பார்கள். பன்றி பறக்கும் நாள், மரம் நடக்கும் நாள் என்று பொருள்.

இதே திருத்தத்தை நம் உலகத்திலும் செய்யப் பார்த்தார்கள். 1930இல் எலிசபெத் அக்கெலிஸ் என்ற அமெரிக்கப் பெண்மணி ‘உலக நாள்காட்டி’ என்ற திட்டத்தை முன்வைத்தார். ஆண்டின் கடைசியில் கிழமை இல்லாத ஒரு நாள். அதன் பிறகு தேதியும் கிழமையும் என்றென்றைக்கும் மாறாது. 1950களில் நம் இந்திய அரசே அதை ஐக்கிய நாடுகள் சபைக்குக் கொண்டுபோனது. மதங்களின் எதிர்ப்பு வந்தது, திட்டம் நின்றுபோனது. நம் திருச்சபை இதைப் பற்றி என்ன சொன்னது? 1963 டிசம்பர் 4 அன்று இரண்டாம் வத்திக்கான் சங்கம் வெளியிட்ட திருவழிபாட்டு ஏட்டின் கடைசியில், ஷையர் நாள்காட்டியைப் போலவே ஒரு பிற்சேர்க்கை இருக்கிறது. மாறாத நாள்காட்டி ஒன்றைக் கொண்டுவர விரும்பினால் சங்கத்துக்கு மறுப்பு இல்லை. ஆனால் ஏழு நாள் வாரமும் ஞாயிறும் கெடக்கூடாது, வாரத்துக்கு வெளியே எந்த நாளையும் நுழைக்கக்கூடாது என்பது அதன் சாரம். மிக மிகக் கனமான காரணம் இருந்தால் மட்டும் திருப்பீடம் யோசிக்கும்.

உலகத்தில் எத்தனையோ பிரச்சினை இருக்க, வாரத்தைப் பற்றி ஏன் இவ்வளவு பிடிவாதம்? காரணம் இருக்கிறது. நாளைச் சூரியன் கொடுக்கிறது, மாதத்தை நிலவு கொடுக்கிறது, ஆண்டைப் பருவம் கொடுக்கிறது. ஏழு நாள் வாரத்தை வானத்தில் எதுவும் கொடுக்கவில்லை. அது ஆண்டவர் கொடுத்த கட்டளையாக நமக்கு வந்தது. அதிலும் வேலைக்காரனுக்கும் வேலைக்காரிக்கும் மாட்டுக்கும் சேர்த்து ஓய்வு தரும் கட்டளையாக வந்தது. பிரெஞ்சுப் புரட்சிக்காரர்கள் 1793இல் பத்து நாள் வாரம் கொண்டுவந்தார்கள். சோவியத் அரசு 1929இல் ஐந்து நாள் வாரம் கொண்டுவந்தது. இரண்டிலும் முதலில் காணாமல் போனது ஞாயிறு. திருத்தந்தை பதின்மூன்றாம் கிரகோரி 1582இல் பத்து நாளை அடியோடு எடுத்தபோதும் வாரத்தின் மேல் கை வைக்கவில்லை: அக்டோபர் 4 வியாழன், மறுநாள் அக்டோபர் 15 வெள்ளி. அவிலா புனித தெரேசம்மாள் இறந்தது அந்த இரவில்தான்.

சரி, ஹாபிட்களின் பழக்கங்களுக்கு வருவோம். அவர்களிடம் ஒரு நல்ல வழக்கம் உண்டு. பிறந்தநாள் யாருக்கோ, பரிசு கொடுப்பதும் அவர்தான். கதையின் தொடக்கத்தில் பில்போ என்ற கிழவர் செப்டம்பர் 22 அன்று தம் 111ஆம் பிறந்தநாளைக் கொண்டாடுகிறார். ஊருக்கே பரிசு. அந்தப் பகுதியில் தினமும் யாராவது ஒருவருக்குப் பிறந்தநாள் வருமாம். எனவே வாரத்துக்கு ஒரு பரிசாவது கிடைக்க எல்லாருக்கும் நல்ல வாய்ப்பு உண்டு. பெரிய விலைக்கு ஒன்றும் வாங்குவதில்லை. பயன்படாத, ஆனால் தூக்கிப்போட மனம் வராத பழைய சாமான்கள் பரிசாகவே கைமாறி ஊரைச் சுற்றி வரும்.

மறுநாள் பில்போ விட்டுச்சென்ற பரிசுப் பட்டியலைப் பார்த்தால் சிரிப்பு வரும். புத்தகம் இரவல் வாங்கித் திருப்பித் தராத ஒருவருக்கு ஒரு புத்தக அலமாரி, காலியாக. ஐம்பது ஆண்டுக்கு மேலாகப் பக்கம் பக்கமாக அறிவுரைக் கடிதம் எழுதிய பெண்மணிக்கு ஒரு குப்பைக்கூடை. (இதைப் படிக்கும்போது குருக்களுக்குக் கொஞ்சம் உறுத்தும். நாங்களும் நிறைய அறிவுரை சொல்கிறவர்கள்.) ஆனால் தோட்டக்காரக் கிழவருக்கு என்ன கொடுத்தார் தெரியுமா? இரண்டு மூட்டை உருளைக்கிழங்கு, புதிய மண்வெட்டி ஒன்று, கம்பளிச் சட்டை ஒன்று, மூட்டு வலிக்குத் தடவ ஒரு புட்டி தைலம். வசதியானவர்களுக்குக் கேலி, ஏழைக்குத் தேவை அறிந்த உதவி. அந்தக் கிழவரின் முழங்கால் வலிக்கிறது என்பது பில்போவுக்குத் தெரிந்திருக்கிறது பாருங்கள். தெரிந்திருந்தால்தானே தைலம் வாங்கத் தோன்றும்.

நம் பிள்ளைகளும் பிறந்தநாளன்று புதுச் சட்டை போட்டுக்கொண்டு வகுப்புக்கு மிட்டாய் கொண்டுபோகிறார்கள். அந்த ஒரு விஷயத்தில் நாமும் ஹாபிட்கள்தான். பத்தாம் வகுப்பு தாண்டியதும் அது நின்றுவிடுகிறது. பிறகு கேக், ஃபிளக்ஸ் பேனர், வாட்ஸ்அப் ஸ்டேட்டஸ் என்று எல்லாம் நம் பக்கமே வந்து சேர்கிறது.

இப்போது மார்ச் 25. கதையின் நாயகன் ஃப்ரோடோ, பில்போவின் வளர்ப்பு மகன் போன்றவன். அவனும் செப்டம்பர் 22இல் பிறந்தவன். சாரோன் என்ற கொடியவனின் மோதிரத்தை அழிக்க ஒன்பது பேர் புறப்படுகிறார்கள். புறப்படும் தேதி டிசம்பர் 25. மோதிரம் எரிமலைக்குள் விழுந்து சாரோன் ஒழிந்த தேதி மார்ச் 25. ஒரு கத்தோலிக்கர், பழைய ஆங்கில இலக்கியத்தில் பேராசிரியர், இந்த இரண்டு தேதிகளையும் அறியாமல் போட்டிருப்பார் என்று நான் நம்பவில்லை. அவர் நாட்டிலேயே 12ஆம் நூற்றாண்டு முதல் 1751 வரை புத்தாண்டு பிறந்தது மார்ச் 25 அன்றுதான். அது மாதாவின் நாள். ஆண்டவர் சிலுவையில் இறந்ததும் இதே தேதியில்தான் என்று ஆதிகாலத்திலிருந்தே ஒரு மரபு இருந்தது. அவரோடு அறையப்பட்ட நல்ல கள்வனை உரோமை மறைச்சாட்சியர் பட்டியல் மார்ச் 25இல் நினைவுகூர்வதும் அதனால்தான்.

அந்த நாளில் நடந்ததை டோல்கீன் எழுதியிருக்கும் விதம்தான் எனக்குப் பெரிது. ஃப்ரோடோ ஜெயிக்கவில்லை. எரிமலையின் விளிம்பு வரை மோதிரத்தைச் சுமந்துபோனவன், கடைசி நொடியில் அதை எறிய மறுத்து ‘மோதிரம் என்னுடையது’ என்று விரலில் மாட்டிக்கொள்கிறான். அவன் விரலைக் கடித்துப் பறித்து, மோதிரத்தோடு நெருப்பில் விழுவது கோல்லம் என்ற பரிதாபப் பிறவி. முன்பு அதைக் கொல்ல வாய்ப்பு வந்தும் பில்போ இரங்கி விட்டுவிட்டார், ஃப்ரோடோவும் விட்டுவிட்டான். அந்த இரக்கம்தான் உலகத்தைக் காப்பாற்றியது. மனித பலம் தீர்ந்துபோன இடத்தில் மீட்பு வந்தது. மார்ச் 25க்கு இதைவிடப் பொருத்தமான கதை எனக்குத் தெரியாது.

அதன் பிறகு கோண்டோர் என்ற பேரரசு தன் நாள்காட்டியையே மாற்றியது. இனி ஆண்டு மார்ச் 25இல் தொடங்கும். அதோடு நிற்கவில்லை. ஃப்ரோடோவின் பிறந்தநாளைத் திருவிழா ஆக்கி, நான்கு ஆண்டுக்கு ஒருமுறை சேர்க்க வேண்டிய கூடுதல் நாளையும் அந்தத் திருவிழாவை இரட்டிப்பதற்கே கொடுத்தார்கள். அரசன் பிறந்தநாளுக்கு அல்ல, படைத்தலைவன் பிறந்தநாளுக்கு அல்ல, செருப்பில்லாத ஒரு குள்ளனின் பிறந்தநாளுக்கு. வலியோரை அரியணையிலிருந்து இறக்கித் தாழ்ந்தோரை உயர்த்துகிறார் கடவுள் என்று மரியா எலிசபெத்தின் வீட்டில் பாடினாரே, அந்தப் பாட்டை ஒரு நாள்காட்டியாக எழுதினால் இப்படித்தான் இருக்கும்.

ஃப்ரோடோவின் சொந்த ஊரில் என்ன செய்தார்கள்? ஒன்றும் செய்யவில்லை. ஷையர் நாட்டார் மார்ச் 25ஐக் கொண்டாடியதாகப் பதிவு எதுவும் இல்லை என்று டோல்கீன் எழுதி வைத்திருக்கிறார். ஊரின் ஒரு பகுதியில் ஏப்ரல் 6 அன்று ஆடிப்பாடும் வழக்கம் மட்டும் வந்தது. ஏன் அந்த நாள் என்று கேட்டால் ஆளுக்கு ஒன்று சொல்வார்கள்: ஃப்ரோடோவின் தோழன் சாம் கிழவரான பிறகு கொண்டாடிய பிறந்தநாள் என்பார் ஒருவர், பொன்மரம் முதன்முதலாகப் பூத்த நாள் என்பார் இன்னொருவர், கதையில் வரும் எல்ஃப் இனத்தாரின் புத்தாண்டு என்பார் மற்றொருவர். ஊரைக் காப்பாற்றிய ஃப்ரோடோவுக்கு அவன் ஊரிலேயே மரியாதை இல்லையே என்று சாம் மனம் நொந்துபோகிறான். நாசரேத்துத் தொழுகைக்கூடத்தில் இயேசு சொன்னது உங்களுக்கு நினைவுக்கு வரும்.

ஷையர்க்காரர்கள் கெட்டவர்கள் அல்ல என்பதைச் சேர்த்துச் சொல்ல வேண்டும். நல்லவர்கள், விருந்தோம்புகிறவர்கள், பரிசு கொடுக்கிறவர்கள். தங்கள் வயலையும் சமையலறையையும் காப்பாற்றிய அந்த நாள் தங்கள் காலண்டரில் இல்லையே என்று அவர்களுக்குத் தோன்றவில்லை, அவ்வளவுதான். நம்மைப் பற்றியும் இதைத்தான் சொல்லத் தோன்றுகிறது. கொடியேற்றம், தேர், அசனம் என்று வந்தால் நம் ஊரில் ஒருவரும் பின்வாங்குவதில்லை. ஏன் கொண்டாடுகிறோம் என்று கேட்டால் ஏப்ரல் 6 ஹாபிட்களைப் போல ஆளுக்கு ஒன்று சொல்வோம். காரணம் மலைபோல இருக்கும் இன்றைய நாளுக்கோ ஆள் இல்லை.

உண்மையில் முதல் மார்ச் 25 அன்றும் ஆள் இல்லை. இன்றைய நற்செய்தியில் ஒன்றைக் கவனித்தீர்களா? லூக்கா காலத்தைக் குறிப்பதில் அக்கறை உள்ளவர். செக்கரியாவைப் பற்றித் தொடங்கும்போது ஏரோது அரசன் காலம் என்பார். இயேசு பிறந்ததைச் சொல்லும்போது அகுஸ்து சீசரையும் சிரியாவின் ஆளுநரையும் குறிப்பிடுவார். திருமுழுக்கு யோவானின் பணியைச் சொல்ல, திபேரியு சீசரின் பதினைந்தாம் ஆண்டு என்று தொடங்கி, தலைமைக் குருக்கள் வரை ஏழு பேரின் பெயரை அடுக்குவார். கபிரியேல் நாசரேத்துக்கு வந்ததை மட்டும் எந்த அரசனின் கணக்கிலும் சேர்க்கவில்லை. ஆறாம் மாதம் என்கிறார். எலிசபெத்து கருவுற்ற ஆறாம் மாதம். வயதான காலத்தில் வயிற்றில் பிள்ளையோடு ஐந்து மாதம் வெளியே தலைகாட்டாமல் இருந்த ஒரு பெண்ணின் கணக்கை வைத்து, மீட்பின் நாளைக் குறிக்கிறார். ‘எத்தனையாவது மாசம்?’ என்று நம் வீட்டுப் பெண்கள் கேட்பார்களே, அந்தக் கணக்கு. சீசரின் பதிவேட்டில் அந்த நாள் இல்லை. ஷையர் பாஷையில் சொன்னால் அதுதான் வெள்ளிக்கிழமை, முதல் தேதி. நடக்கவே நடக்காத நாள். கதையில் மரங்கள் உண்மையாகவே எழுந்து நடந்து போருக்குப் போகின்றன. யூதேயாவின் மலைநாட்டில் மலடி என்று ஊர் சொன்னவள் ஆறு மாத கர்ப்பிணி. கடவுளால் ஆகாதது ஒன்றும் இல்லை என்று வானதூதர் மரியாவிடம் சொன்னது, எலிசபெத்தின் மாதக் கணக்கைச் சொன்ன அதே மூச்சில்.

எகிப்திலும் இப்படித்தான். அடிமைகள் இன்னும் விடுதலை ஆகவில்லை, பார்வோன் இன்னும் மனம் இளகவில்லை. அதற்குள் ஆண்டவர் மோசேயையும் ஆரோனையும் அழைத்து, இந்த மாதம்தான் இனி உங்களுக்கு ஆண்டின் முதல் மாதம் என்கிறார். விடுதலைப் பயண நூலின் 12ஆம் அதிகாரத்தை வீட்டுக்குப் போய் எடுத்துப் பாருங்கள். செங்கடலைக் கடப்பதற்கு முன்பே காலண்டர் வந்துவிட்டது. பார்வோனின் கணக்கில் செங்கல் எண்ணிக்கொண்டிருந்தவர்களுக்குச் சொந்தமாக ஒரு புத்தாண்டு.

எனவே உங்களிடம் நான் கேட்பது சில சின்னக் காரியங்கள்தான். இன்னும் சில நிமிடங்களில் விசுவாச அறிக்கை சொல்வோம். வார்த்தை மனிதர் ஆனதைச் சொல்லும் இடத்தில் மற்ற நாள்களில் தலை வணங்குவோம், இன்று முழந்தாளிடுவோம். ஆண்டில் இரண்டே நாள்தான் இப்படி: ஒன்று கிறிஸ்து பிறப்பு, இன்னொன்று இன்று. மூட்டு வலி இருப்பவர்கள் உட்கார்ந்தபடியே வணங்கலாம், மாதாவுக்குத் தெரியும். அவசரமாக எழுந்துவிடாதீர்கள்.

காலை ஆறு, நண்பகல் பன்னிரண்டு, மாலை ஆறு என்று கோயில் மணி அடிக்கிறதே, மூவேளை செபத்துக்கான அந்த மணி சொல்வது இன்றைய நற்செய்தியைத்தான். தினமும் மூன்று முறை மார்ச் 25 வருகிறது. மணி கேட்டதும் சீரியலின் சத்தத்தைக் குறைத்துவிட்டு ஒரு நிமிடம் நின்று சொல்லுங்கள். பிள்ளைகளுக்கும் சொல்லிக்கொடுங்கள், இன்றைய இளம் தம்பதிகளில் பலருக்கு அந்தச் செபம் மனப்பாடமாகத் தெரியவில்லை என்பது திருமணத் தயாரிப்பு வகுப்புகளில் தெரிகிறது. அடுத்த பிறந்தநாள் யாருக்கு வருகிறதோ அவர், முழங்கால் வலிக்கும் ஒரு கிழவரையோ கிழவியையோ நம் பங்கிலேயே தேடிப்பிடித்து, என்ன தேவை என்று கேட்டு வாங்கிக்கொடுங்கள். கேக் அதன் பிறகு வெட்டலாம்.

கடைசியாக ஓர் அறிவிப்பு. அடுத்த ஆண்டு மார்ச் 25 பெரிய வியாழன் அன்று வருகிறது. புனித வாரத்தில் இந்தப் பெருவிழாவைக் கொண்டாட முடியாது. ஆகவே 2027இல் அது உயிர்ப்பு எண்கிழமை முடிந்த மறுநாளுக்கு, ஏப்ரல் 5, திங்கட்கிழமைக்குத் தள்ளிப்போகிறது. திங்கட்கிழமைதான், வேலை நாள்தான். இப்போதே குறித்து வைத்துக்கொள்ளுங்கள். பக்கத்து வீட்டாரையும் அழைத்துக்கொண்டு வாருங்கள்.